கல்லூரியை விட்டு நீக்கிய கடிதம் வந்தால்

கேள்வி: அரச கல்வியியற் கல்லூரியில் படிக்கும் மகனை, விசாரணை எதுவும் வைக்காமலே நீக்கிவிட்டார்கள். வழக்குப் போடலாமா? – தாயார் ஒருவர், களுவாஞ்சிகுடி.

பதில்: போடலாம், அம்மா. ஆனால் நாட்களை விட்டுவிடாதீர்கள். அரசியலமைப்புத் தரும் உரிமையை அரச நிறுவனம் மீறிவிட்டது என்று போடும் அடிப்படை உரிமை மனுவை ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்ய வேண்டும். கல்லூரிக்கு மேன்முறையீடு எழுதிவிட்டுப் பதிலுக்குக் காத்திருந்தாலும் அந்த மாதம் ஓடிக்கொண்டேதான் இருக்கும். பலர் தவறுவது இங்கேதான். அதே மாதத்துக்குள் மட்டக்களப்பிலுள்ள மனித உரிமைகள் ஆணைக்குழு அலுவலகத்தில் முறையிட்டால், 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்க இலங்கை மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டப்படி அங்கு விசாரணை நிலுவையில் உள்ள காலம் கணக்கில் சேராது. முறைப்பாட்டு இலக்கத்தை எழுத்தில் வாங்குங்கள்.

மற்ற வழி, மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை (‘ரிட்’) மனு, அதாவது கல்லூரியின் முடிவை இரத்துச் செய்யக் கேட்கும் மனு. இதற்கு நாள் வரையறை இல்லை, ஆனாலும் காரணமில்லாத தாமதம் மனுவையே கெடுத்துவிடும். மகன் குற்றவாளியா என்பதை நீதிமன்றம் ஆராயாது. குற்றச்சாட்டை எழுத்தில் கொடுத்தார்களா, அவர் பக்கத்தைக் கேட்டார்களா என்றுதான் பார்க்கும். வென்றாலும் கல்லூரி முறைப்படி மீண்டும் விசாரிக்கலாம். பரீட்சை நெருங்கினால் இடைக்காலத் தடையுத்தரவும் சேர்த்துக் கேளுங்கள்.

நீக்கற் கடிதத்தைத் தபால் முத்திரையுள்ள உறையோடு வைத்திருங்கள். ‘சுயவிருப்பில் விலகுகிறேன்’ என்று எழுதிக் கேட்டால் மகன் கையொப்பமிடவே கூடாது. சட்டத்தரணிக்குப் பணமில்லையென்றால் சட்ட உதவி ஆணைக்குழுவிடம் இன்றே போங்கள்.