முட்டி வலியோடு டொமினிகா மலையேறலாமா?

கேள்வி: கரீபியன் தீவு நாடான டொமினிகாவுக்குப் போகிறோம். 58 வயது, முட்டி கொஞ்சம் படுத்துகிறது. வழிகாட்டியுடன் போகும் நடைப் பயணங்களில் எதைத் தேர்ந்தெடுக்கலாம்? கொதிக்கும் ஏரியைப் பார்த்தே ஆகணும் என்கிறான் மகன்.

பதில்: மகனை மட்டும் அனுப்புங்கள். டிட்டூ கார்ஜ் என்ற குறுகிய மலையிடுக்கிலிருந்து அந்த ஏரிக்குப் போய்வர ஆறு மணி நேரமாவது பிடிக்கும், ஏற்றமும் இறக்கமும் மாறி மாறி வரும், நடுவில் 'பாழ் பள்ளத்தாக்கு' என்ற இடத்தில் அழுகிய முட்டை நாற்றத்தோடு காலுக்குப் பக்கத்திலேயே சாம்பல் நிறச் சேறு கொதித்துக்கொண்டிருக்கும், எங்கே மிதிக்கலாம் என்று தெரிந்த வழிகாட்டி இல்லாமல் அவனும் போகக் கூடாது. உங்களுக்கு எமரால்டு பூல் என்ற குளமும் ட்ரஃபால்கர் அருவியும் சரி. இரண்டுமே சின்ன நடை. ஆசை அடங்கவில்லையா, வைட்டுகுபுலி நெடும்பாதையில் 14 பகுதிகள் உண்டு, சுலபமான ஒன்றைக் கேட்டு வாங்குங்கள்.

பணம் கட்டும் முன், குழுவில் எத்தனை பேர், மழை பிடித்துக்கொண்டால் என்ன செய்வார்கள் என்று கேளுங்கள். அப்புறம், சொல்லும் விலை எந்த டாலர்? ஒரு அமெரிக்க டாலருக்கு, அங்கே புழங்கும் கிழக்குக் கரீபியன் டாலர் 2.70. டிக்கெட் எடுக்கும்போது டொமினிகன் குடியரசுக்கு எடுத்துவிடாதீர்கள், அது வேறு நாடு!