கேளுங்கள், சொல்கிறேன்: எந்திரப் பெண்ணின் சொந்தக் கதை

கே: 'மெட்ரோபோலிஸ்' என்ற ஜெர்மன் ஊமைப் படத்தில் நாயகியாகவும் எந்திரப் பெண்ணாகவும் நடித்தது ஒருவரேதானா? யார் அவர்? (வாசகி, தஞ்சாவூர்)

ப: ஒருவரேதான். பிரிகிட்டே ஹெல்ம். 1906-ல் பெர்லினில் பிறந்தவர். முழுப் பெயர் ஷிட்டன்ஹெல்ம் என்று முடியும். முன்பாதியை சினிமா வெட்டிவிட்டது. மகளின் போட்டோவை டைரக்டர் ஃபிரிட்ஸ் லாங்குக்கு அனுப்பிவைத்தது அம்மா. 1925-ல் ஷூட்டிங் தொடங்கியபோது ஹெல்முக்கு 19 வயது, அதுதான் முதல் படம். ஷூட்டிங் ஒரு வருடத்துக்கும் மேல் இழுத்தது.

தொழிலாளிகளுக்கு ஆறுதல் சொல்லும் மரியா ஒருத்தி, அவள் சாயலில் செய்த எந்திரம் இன்னொருத்தி. நம் இரட்டை வேடங்களில் ஒரு மருவோ மீசையோ வந்து காப்பாற்றும். இந்தப் பெண் உடம்பாலேயே பிரித்துக் காட்டினார். போலி மரியாவுக்கு ஒரு கண் இமை பாதி சரிந்திருக்கும், கழுத்து வெடுக் வெடுக்கென்று திரும்பும், தோள் இரண்டும் ஒரே மட்டத்தில் நிற்காது. அவள் ஒற்றைக் கண்ணைச் சிமிட்டும் இடத்தில் எனக்கு இன்றைக்கும் முதுகு சில்லிடுகிறது.

கே: அந்த இரும்பு உடைக்குள் இருந்தது டூப் இல்லையா? (வாசகர், மதுரை)

ப: இல்லை, அவரேதான். உடையும் இரும்பு இல்லை! சிற்பி வால்டர் ஷுல்ட்ஸே மிட்டன்டார்ஃப், ஹெல்மின் உடம்பை அச்செடுத்து, தச்சர்கள் மரத்தில் ஓட்டை அடைக்கும் மக்கு மாதிரி ஒரு பொருளில் துண்டு துண்டாகச் செய்து பூட்டினார். மேலே வெள்ளிப் பூச்சு. முகம் வெளியே தெரியாத காட்சிக்கு டூப் போடலாமே என்கிறீர்களா? லாங் அந்த ரக ஆள் இல்லை.

கே: இவ்வளவு திறமை இருந்தும் ஏன் காணாமல் போனார்? (வாசகி, திருநெல்வேலி)

ப: காணாமல் போகவில்லை, அவராக விலகினார். ஊஃபா என்ற ஜெர்மன் சினிமா கம்பெனி அவரை ஆண்களை மயக்கிக் கெடுக்கும் பெண்ணாகவே காட்டிக்கொண்டிருந்தது. 'அல்ரௌனே' கதையை 1928-ல் ஊமைப் படமாக எடுத்தார்கள். 1930-ல் அதையே பேசும் படமாக எடுத்து மறுபடியும் அவரையே போட்டார்கள். டைரக்டர் ஜி.டபிள்யூ. பாப்ஸ்ட் மட்டும் 1927-ல் 'ஜான் நேயின் காதல்' படத்தில் பார்வையற்ற பெண்ணாக நடிக்க வைத்தார். ஒரு ஆர்ப்பாட்டமும் கிடையாது. என் கணக்கில் மெட்ரோபோலிஸுக்கு அடுத்து அதுதான். கம்பெனியோடு வழக்கு வரை போனார், தோற்றார். 1935-ல் ஒப்பந்தம் முடிந்தது. தொழிலதிபர் ஹூகோ குன்ஹைமைக் கல்யாணம் செய்துகொண்டு கடைசியில் ஸ்விட்சர்லாந்தில் தங்கிவிட்டார். நான்கு பிள்ளைகள். கல்யாணம் ஆனதால் நடிப்பை விட்டார் என்று எழுதுகிறவர்கள் உண்டு, நான் நம்பமாட்டேன். வழக்குப் போட்டவர் மனசு எப்போதோ வெளியேறியிருக்கும். சினிமாவைப் பற்றிப் பேட்டி கேட்டு வந்தவர்களைத் திருப்பி அனுப்பினார். 1996-ல் அந்த நாட்டின் அஸ்கோனாவில் இறக்கும்போது வயது 90.

கே: மெட்ரோபோலிஸில் எந்தப் பிரதியைப் பார்ப்பது? (அதே வாசகி)

ப: 2010-ல் சீரமைத்த பிரதி, ஏறக்குறைய இரண்டரை மணி நேரம். 1927 ஜனவரியில் பெர்லினில் வெளியானதும் படத்தில் கால்வாசியை வெட்டிவிட்டார்கள். ஃபிலிம் சொசைட்டியில் நான் முதலில் பார்த்தது அந்த வெட்டுப்பட்ட ரகம். யார் எதற்கு ஓடுகிறார்கள் என்றே விளங்கவில்லை. 2008-ல் பியூனஸ் அயர்ஸ் அருங்காட்சியகம் ஒன்றில் அநேகமாக முழுப் படமும் 16 மி.மீ. என்ற சின்ன அளவு ஃபிலிம் பிரதியாகக் கிடைத்தது. பார்க்கும்போது நடுநடுவே திரை முழுக்க மழை பெய்கிற மாதிரி கோடு விழும். டிவியைத் தட்டாதீர்கள், அந்தப் பகுதிகள்தான் அங்கே கிடைத்தவை.