கேள்வி பதில்: ஐஸ்லாந்து நடிகர் இங்வர் சிகுர்ட்ஸன்

கே: எந்தப் படத்திலிருந்து தொடங்கலாம் சார்?

ப: 'ஏஞ்சல்ஸ் ஆஃப் தி யுனிவர்ஸ்' (2000). மனச்சிதைவு நோயில் மெல்லமெல்லச் சிக்கும் பால் என்ற இளைஞனாக நடித்தார். அடுத்து 'ஜார் சிட்டி' (2006). அதில் துப்பறியும் எர்லெண்டுராக வரும் இவர், அவித்த ஆட்டுத்தலையைக் கத்தியால் அறுத்துத் தின்பார். அவ்வளவு கொடூர வழக்கு நடக்கும்போதும் சாப்பாடு நிற்காது. ஒரு வசனமும் இல்லாமல் அந்த ஆளின் தனிமை புரிந்துவிடும். தயவுசெய்து டப்பிங்கில் பார்க்காதீர்கள்.

கே: 'டிராப்டு' என்ற ஐஸ்லாந்து போலீஸ் தொடரில் தாடி வைத்த பெரிய உருவம் இவர்தானே?

ப: இல்லை. அவர் ஓலாஃபுர் டாரி. இங்வர் அதே காவல் நிலையத்தில் வேலை பார்க்கும் ஆஸ்கெய்ர்.

கே: ஹாலிவுட்டில் துண்டு வேடம்தானே கிடைத்தது? பெரிய நடிகர் என்கிறீர்களே!

ப: 'கே-19', 'எவரெஸ்ட்', 'ஃபென்டாஸ்டிக் பீஸ்ட்ஸ்' எல்லாம் சின்ன வேடங்கள்தான், மறுக்கவில்லை. ஆனால் ஒரு நடிகரை அளக்க அதுவா அளவுகோல்? நாலு லட்சம் பேர்கூட இல்லாத நாடு. அங்கே மேடை, டிவி, சினிமா மூன்றிலும் நடித்தால்தான் பிழைப்பு. இயக்குநர் ஹ்லினுர் பால்மசன் 'எ வைட், வைட் டே' (2019) கதையை இவரை மனதில் வைத்தே எழுதினார். அதில் இவர் மனைவியை இழந்த போலீஸ்காரர். பேத்தியிடம் அன்பு, உள்ளே எரிமலை. வழியில் கிடக்கும் பாறையைச் சரிவில் உருட்டிவிடுவார். அது உருண்டு உருண்டு கடலில் விழும்வரை கேமரா கூடவே போகும். அவர் முகத்தில் காட்டாத ஆத்திரம் அந்தக் கல்லில் இருக்கிறது. கான் விழாவின் விமர்சகர் வாரத்தில் இதற்காக இங்வர் விருது வாங்கினார். துண்டு வேடக்காரருக்கா கொடுத்தார்கள்?

கே: அப்படியானால் 'காட்லேண்ட்' படத்தில் வில்லனாக ஏன் நடித்தார்?

ப: ராக்னரை வில்லன் என்று சொல்ல நான் விடமாட்டேன். டென்மார்க் பாதிரியார் அந்த மண்ணையும் மக்களையும் அலட்சியமாகப் பார்க்கிறார். வழிகாட்டி ராக்னர் அதைச் சகிக்கவில்லை, அவ்வளவே. ஒருவர் டேனிஷ், மற்றவர் ஐஸ்லாண்டிக் என்று பேசிக்கொண்டே முட்டிக்கொள்வதுதான் படத்தின் உயிர். டப்பிங்கில் இருவரும் ஒரே மொழி பேசுவார்கள். அப்படிப் பார்த்தவர்கள்தான் வில்லன் என்கிறார்கள்.

கே: ராக்னர் முரடன்தானே அண்ணா?

ப: முரடன் வேறு, வில்லன் வேறு. குதிரைகளை அவர் கையாளும் விதத்தைப் பாருங்கள்.

கே: 'டிராப்டு' ஹீரோ இவரா?

ப: மேலே சொல்லிவிட்டேன். ஓலாஃபுர் டாரி.

கே: மேடை நாடகம்?

ப: வெஸ்டுர்போர்ட் குழுவின் 'உருமாற்றம்' நாடகத்தில் அப்பாவாக நடித்தார். மேற்கொண்டு நாடகம் தெரிந்தவர்களிடம் கேளுங்கள், நான் சினிமாக்காரன்.