எப்போதும் போனும் கையுமாக இருப்பது மனதைப் பாதிக்குமா?

பாதிக்கும். நீங்கள் கேட்பதைப் பார்த்தால் ஆபீஸ் வாட்ஸ்அப் குரூப்தான் தலைவலி போலிருக்கிறது. என்னை ராத்திரியில் எழுப்புவது மேனேஜர் இல்லை, மோட்டார்.

மன்னார்குடி பக்கம் மூன்று ஏக்கர். மேட்டூர் அணையை ஜூன் 12-ல் திறந்தாலும் வாய்க்காலில் தண்ணீர் வரும்வரை குறுவை நெல் நாற்றங்காலுக்கு போர்வெல்தான் கதி. மோட்டார் ஓடத் தேவையான மும்முனை கரண்ட் எங்களுக்குப் பெரும்பாலும் நடுராத்திரியில். அப்பா டார்ச்சோடு கொட்டகையில் போய்ப் படுப்பார். போர்டில் மூன்று பல்பும் எரிந்தால் ஸ்டார்ட்டரைத் தட்டுவார். நான் பாம்புக்குப் பயந்து மொபைல் ஸ்டார்ட்டர் மாட்டினேன். அதற்குள் ஒரு சிம். கரண்ட் வந்தால் எனக்குப் போன் அடிக்கும், ஒன்றை அமுக்கினால் மோட்டார் ஓடும்.

முதல் வாரம் ஊரெல்லாம் பெருமை பேசினேன். அப்புறம் அடிக்காத போன் அடித்த மாதிரி இருக்க ஆரம்பித்தது. வண்டியில் போகும்போது சட்டைப் பையில் அதிரும். எடுத்துப் பார்த்தால் ஒன்றுமிருக்காது. இதற்கு ஃபேன்டம் வைப்ரேஷன் என்று பெயரே இருக்கிறதாம். ராத்திரி பன்னிரண்டு, ஒன்றரை, மூன்று என்று விழிப்பேன். விழித்தால் சும்மா வைப்பேனா? மச்சான் துபாயிலிருந்து போட்ட பிரியாணி ஸ்டேட்டஸ் வரை பார்த்துவிட்டுத்தான் வைப்பேன்.

ஒருநாள் வெறுத்துப்போய், மோட்டாரைப் போட்டுவிட்டு போனை அணைத்துத் தூங்கினேன். வரப்பு உடைந்து பங்காளி வயலில் தண்ணீர் பாய்ந்து, முந்தின நாள் அவர் போட்ட யூரியா அத்தனையும் அடித்துப் போய்விட்டது. காசு கொடுத்தும் இன்னும் முகம் கொடுத்துப் பேசவில்லை.

"ஆட்டோ ஸ்விட்ச் போடலாமே" என்று வராதீர்கள். லோ வோல்டேஜில் தானாக ஓடி மோட்டாரின் கம்பிச்சுருள் புகைந்தால் ரீவைண்டிங் செலவை நீங்கள் தருவீர்களா? "இலவசக் கரண்டை வாங்கிக்கொண்டு புலம்பலா" என்பவர்கள் அறுவடைக்கு வந்து பாருங்கள். நெல்லின் ஈரப்பதம் 17 சதவீதத்தைத் தாண்டுகிறது என்று அரசு கொள்முதல் நிலைய வாசலில் ஒன்பது நாள் தார்ப்பாயை மூடுவதும் விரிப்பதுமாகக் கிடந்தேன். அந்த ஒன்பது நாளும் எந்த போனும் வரவில்லை. சரி, அது வேறு கதை.

போன வாரம் போனை வீட்டில் வைத்துவிட்டு, அப்பா மாதிரி டார்ச்சோடு கொட்டகைக்குப் போனேன். இரண்டேகாலுக்கு மூன்று பல்பும் எரிந்தன. மோட்டாரைப் போட்டுவிட்டு, தண்ணீர் விழும் சத்தத்தில் அப்படியொரு தூக்கம். விடிந்து வீட்டுக்கு வந்தால் மனைவி கண் சிவந்து உட்கார்ந்திருக்கிறாள். இரண்டேகாலுக்கு போன் அவளை எழுப்பியிருக்கிறது.