கடலூர்க்காரர் சீரியல் தயாரிப்பாளர் ஆக முடியுமா? வருமானம் எங்கிருந்து வருகிறது?

முடியும், ஆனால் முதலில் பணம் எப்படிப் புரள்கிறது என்று தெரிந்துகொள்ளுங்கள். சில சேனல்கள் எபிசோடுக்கு இவ்வளவு என்று பேசித் தரும். தொடரின் உரிமை பெரும்பாலும் சேனலுக்கே. இன்னொரு முறையில், ஒளிபரப்பு நேரத்தைத் தயாரிப்பாளர் கட்டணம் கட்டி எடுத்து, விளம்பர நொடிகளை அவரே விற்பார். 1993-ல் சன் டிவி வந்த பிறகு பல கம்பெனிகள் இப்படித்தான் தலையெடுத்தன. 1999-ல் நடிகை ராதிகாவின் ராடான் நிறுவனம் தொடங்கிய ‘சித்தி’ தொடர் அந்தக் காலத்தின் மிகப்பெரிய வெற்றிகளில் ஒன்று.

செலவோ அன்றாடம். ஷூட்டிங் வீட்டு வாடகை, யூனிட் (படப்பிடிப்புக் குழு) சாப்பாடு, சாயந்திரம் பேட்டா (தினப்படி) எல்லாம் கையிலிருந்து போகும். வரவேண்டிய பணம் மெதுவாகத்தான் வரும். நடுவில் வட்டிக்கு வாங்கியவர்கள்தான் அதிகம் நொடித்துப் போனார்கள் என்பது என் கணிப்பு. நாயகிக்குக் காய்ச்சல் என்றால், அன்றிரவே கதையை மாற்றி எழுதி மாமியார் காட்சிகளை எடுத்தாக வேண்டும். தினமும் ஒளிபரப்பு, நிறுத்த முடியாது.

உங்களுக்கு ஒரு நல்ல வாய்ப்பு பக்கத்திலேயே இருக்கிறது. புதுச்சேரி கடற்கரைச் சாலைக்கும் பிரெஞ்சுத் தெருக்களுக்கும் சென்னை யூனிட்கள் வருகின்றன. அனுமதி, தங்குமிடம், வண்டி, சாப்பாடு பார்க்க உள்ளூர் ஆள் வேண்டும். அங்கே புரொடக்ஷன் உதவியாளராகச் சேருங்கள். அப்புறம் மேனேஜர். பட்ஜெட் போடக் கற்றபின் முதலீட்டைப் பற்றி யோசிக்கலாம்.