படமாகிறவர்களும் பங்காளிகளே

கேள்வி: அமெரிக்க ஆவணப்பட இயக்குநரும் பேராசிரியருமான ஜார்ஜ் ஸ்டோனி, யாரைப் படமெடுக்கிறோமோ அவர்களையும் படத்தின் ஆக்கத்தில் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்று வலியுறுத்தியவர் எனப் படித்தேன். அப்படிச் செய்தால், அவர்களுக்குப் பிடிக்காத உண்மைகள் படத்திலிருந்து நழுவிவிடாதா? (ஒரு வாசகர்)

பதில்: நியாயமான ஐயம். ஆனால் ஸ்டோனியின் படங்களைப் பார்த்தால், உண்மை நழுவுவதற்குப் பதிலாக, வெளியாள் ஒருவருக்கு எளிதில் கிட்டாத உண்மை கைக்கு வருவதையே காண்கிறோம். ஜார்ஜியா மாநிலச் சுகாதாரத் துறைக்காக, மருத்துவச்சிகளுக்குப் பயிற்சி தரும் நோக்கில் அவர் எடுத்த ‘ஆல் மை பேபீஸ்’ (1953) படத்தில், மேரி கோலி என்ற கறுப்பின மருத்துவச்சி கைகளைத் தேய்த்துத் தேய்த்துக் கழுவுவதையும், ஒரு வீட்டில் குழந்தை உண்மையாகவே பிறப்பதையும் நாம் அருகிலிருந்து பார்க்கிறோம். இனப் பாகுபாடு சட்டமாகவே இருந்த அந்தக் காலத்தில், ஒரு வெள்ளையரின் கேமராவுக்குப் பிரசவ அறையின் கதவு திறந்ததென்றால், தாய்மார்கள் கோலியின்மீது வைத்திருந்த நம்பிக்கையே அதற்குக் காரணமாக இருந்திருக்க வேண்டும்.

1968 முதல் 1970 வரை கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்தில் மக்கள் தங்கள் பிரச்சினைகளைத் தாங்களே படம் வழியாகச் சொல்ல உதவிய ‘சேலஞ்ச் ஃபார் சேஞ்ச்’ திட்டத்துக்குப் பொறுப்பேற்றிருந்தபோது, கார்ன்வால் அருகே மோஹாக் பழங்குடியினர் தங்கள் உரிமைக்காகப் பாலத்தை மறித்த போராட்டத்தைப் பதிவுசெய்யப் படக்குழுவை அனுப்பியவரும் அவரே. அந்தப் படத்தின் உருவாக்கத்தில் மோஹாக் இளைஞரான மைக் மிட்செல் முன்னின்றார். பின்னர் 1971-இல் ரெட் பர்ன்ஸுடன் சேர்ந்து நியூயார்க் பல்கலைக்கழகத்தில் ‘ஆல்டர்நேட் மீடியா சென்டர்’ தொடங்கி, கையடக்க வீடியோ கேமராவைப் பொதுமக்களிடமே கொடுத்து, கேபிள் தொலைக்காட்சியில் அவர்களுக்கென அலைவரிசை வேண்டும் என்று போராடினார். அங்கே பயிற்சி பெற்றவர்கள் பல ஊர்களுக்கும் சென்று அந்தப் பணியைத் தொடர்ந்தார்கள்.

உங்கள் ஐயத்துக்கு நேரடியான விடை, ஜூடித் ஹெல்ஃபாண்ட் முதலியோருடன் சேர்ந்து அவர் எடுத்த ‘தி அப்ரைசிங் ஆஃப் ’34’ (1995) படத்தில் இருக்கிறது. 1934 செப்டம்பரில் அமெரிக்க நெசவாலைத் தொழிலாளர்கள் ஏறத்தாழ 4,00,000 பேர் வேலைநிறுத்தம் செய்தார்கள். தென் கரோலினாவின் ஹோனியா பாத் ஊரில் ஆலை வாசலில் நடந்த துப்பாக்கிச் சூட்டில் 7 பேர் இறந்தார்கள். போராட்டம் தோற்றது, முன்னின்றவர்களுக்கு வேறு ஆலைகளிலும் வேலை மறுக்கப்பட்டது. அதன்பின் அந்த ஊர்கள் வாயே திறக்கவில்லை. தன் தகப்பன் எப்படிச் செத்தான் என்று பிள்ளைக்குச் சொல்லக்கூடத் தயங்கிய அந்த மௌனத்தை, எத்தனை கூர்மையான கேள்வியோடும் ஒரு நாள் வந்துபோகும் படக்குழுவால் உடைக்க முடியாது. முதியவர்களின் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து, அவர்கள் பேசும்வரை காத்திருந்துதான் ஸ்டோனி அதைச் செய்தார்.

ஒன்றை மட்டும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அதிகாரத்தில் இருப்பவர்களுக்கும் இதே சலுகையைக் கொடுக்கலாகாது என்பது என் உறுதியான கருத்து. ஆலை முதலாளியிடம் படத்தைக் காட்டி ஒப்புதல் கேட்டிருந்தால் நீங்கள் அஞ்சுவதே நடந்திருக்கும். தன் கதையைச் சொல்ல இதுவரை வாய்ப்பே கிடைக்காதவருக்கு உரியது இந்தப் பங்கு. ஹோனியா பாத்தில் இறந்த அந்த 7 பேருக்கு, படம் வெளிவந்த அதே 1995-இல்தான், 61 ஆண்டுகள் கழித்து, ஊரில் ஒரு நினைவுக் கல் நடப்பட்டது.