மூடப்பட்ட விமான நிறுவனத்தின் வரலாற்றை எழுதினால் வழக்கு வருமா?

கேள்வி: என் அப்பா சுபாங்கில் இயங்கிய ஒரு சிறிய உள்நாட்டு விமான நிறுவனத்தில் மெக்கானிக்காக இருந்தார். நிறுவனம் மூடப்பட்டுப் பல ஆண்டுகள் ஆகின்றன. அப்பாவும் உயில் எழுதாமல் காலமாகிவிட்டார். அவர் எடுத்த புகைப்படங்கள், நிறுவனத்தின் விளம்பரப் படங்கள், நேர அட்டவணைகள், டுவின் ஓட்டர் விமானத்தின் பராமரிப்புக் கையேடு ஆகியவை என்னிடம் உள்ளன. இவற்றைக் கொண்டு அந்நிறுவனத்தின் வரலாற்றைப் புத்தகமாக்க நினைக்கிறேன். நிறுவனத்தைச் சீரழித்தவர்கள் என்று அப்பா சொல்லி வந்த இரண்டு அதிகாரிகளைப் பற்றியும் எழுத வேண்டும். அவர்களில் ஒருவர் உயிரோடு இல்லை. எனக்குச் சட்டச் சிக்கல் வருமா?
வாசகி, பட்டர்வொர்த்

பதில்: சகோதரி, கட்டாயம் எழுதுங்கள். 1988இல் பறக்கத் தொடங்கி 2001இல் நின்றுபோன பெலாங்கி ஏர் என்ற மலேசிய உள்நாட்டு விமான நிறுவனத்தைக்கூட இன்றைய இளைஞர்களில் பலருக்குத் தெரியாது. ஏறத்தாழ 19 பேர் மட்டுமே அமரக்கூடிய டுவின் ஓட்டர், டோர்னியர் 228 விமானங்களைப் பழுது பார்த்துப் பறக்க வைத்தவர்களின் பெயர்கள் எந்த ஆண்டறிக்கையிலும் இடம்பெறுவதில்லை. அந்தக் குறையை உங்களைப் போன்றவர்கள்தாம் தீர்க்க முடியும்.

எந்த ஊருக்கு எந்த விமானம் எத்தனை மணிக்குப் புறப்பட்டது என்பது வரலாற்றுத் தகவல். அதற்கு யாரும் உரிமை கொண்டாட முடியாது. அட்டவணையின் பக்கத்தை அப்படியே படமெடுத்து அச்சிடுவதில்தான் கேள்வி எழும்.

புகைப்படங்களுக்கு வருவோம். மலேசியாவின் 1987ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தின் 26ஆம் பிரிவு, வேலையின் பகுதியாக ஊழியர் உருவாக்கிய படைப்பின் உரிமை முதலாளிக்குச் சேரும் என்கிறது. உங்கள் அப்பாவின் வேலை இயந்திரங்களைப் பார்ப்பது. படம் எடுப்பது அவர் பணியில் சேராது. ஆகவே விமானக் கொட்டகையிலேயே நின்று எடுத்திருந்தாலும், சொந்த விருப்பத்தில் எடுத்தவை அவருடையவை என்பதே என் கருத்து. அந்த உரிமை அவர் மறைந்து 50 ஆண்டுகள் வரை நீடிக்கும். ஆனால் உயில் இல்லாததால் அது உங்களுக்கு மட்டும் உரியதாகாது. 1958ஆம் ஆண்டுப் பகிர்வுச் சட்டப்படி, அப்பாவைப் பெற்றவர்கள் உயிரோடு இல்லையென்றால், அம்மாவுக்கு மூன்றில் ஒரு பங்கு, பிள்ளைகள் அனைவருக்கும் சேர்த்து மூன்றில் இரண்டு பங்கு. அம்மாவிடமும் உடன்பிறந்தவர்களிடமும் எழுத்தில் சம்மதம் வாங்கிவிடுங்கள். குடும்பத்துக்குள் எதற்குக் கையெழுத்து என்று நினைக்க வேண்டாம். புத்தகம் வெளிவந்த பிறகு வரும் மனத்தாங்கல்தான் ஆறுவதற்கு நாளாகும்.

விளம்பரப் படங்கள் வேறு வகை. அச்சுப் பிரதி உங்கள் கையில் இருப்பதால் உரிமை உங்களுடையதாகிவிடாது. நிறுவனம் மூடப்பட்டதால் அந்த உரிமை மறைந்துவிடுவதும் இல்லை. மூடப்பட்ட நிறுவனத்தின் சொத்துகளை விற்றுக் கடன் தீர்க்கும் கலைப்பு அதிகாரி அதை யாருக்கேனும் விற்றிருக்கலாம். நிறுவனம் முழுமையாகக் கலைக்கப்பட்டுவிட்டால், மீதமுள்ள சொத்து நிறுவனப் பதிவாளரிடம் போய்ச் சேரும். மலேசிய நிறுவன ஆணையத்தில் கட்டணம் செலுத்தி, அந்நிறுவனத்தின் இன்றைய நிலையைக் காட்டும் விவரத்தைப் பெறுங்கள். அதன் பிறகுதான் யாரிடம் அனுமதி கேட்பது என்பது தெரியவரும்.

பராமரிப்புக் கையேட்டின் பக்கங்களை அச்சிட வேண்டாம். உள்ளூர் நிறுவனம் மூடப்பட்டாலும் டுவின் ஓட்டர் இன்றும் உலகெங்கும் பறக்கிறது. கையேடு அதன் கனடா உற்பத்தியாளருக்கு இன்னும் வருமானம் தரும் சொத்து. பழைய கோப்புகளில் 'சூலிட்' (இரகசியம்) அல்லது 'தெர்ஹாட்' (கட்டுப்படுத்தப்பட்டது) என்று மலாயில் முத்திரையிட்ட அரசாங்கக் கடிதம் ஏதேனும் இருந்தால், அதை யாருக்கும் காட்டாமல் நேராக ஒரு வழக்கறிஞரிடம் கொண்டு செல்லுங்கள். 1972ஆம் ஆண்டு அதிகாரத்துவ இரகசியச் சட்டத்தின் 8ஆம் பிரிவில் குறைந்தபட்சத் தண்டனையே ஓராண்டுச் சிறை.

எனக்கு உண்மையான கவலை அந்த இரண்டு அதிகாரிகளைப் பற்றிய அத்தியாயம்தான். இறந்தவருக்காக அவருடைய குடும்பத்தார் சிவில் நீதிமன்றத்தில் மானநஷ்ட வழக்குப் போட முடியாது. இதை மட்டும் கேட்டுவிட்டுப் பலர் துணிந்து எழுதிவிடுகிறார்கள். தண்டனைச் சட்டத்தின் 499ஆம் பிரிவுக்கு ஒரு விளக்கம் இருக்கிறது: குடும்பத்தினர் மனத்தைப் புண்படுத்தும் நோக்கத்தோடு இறந்தவர்மீது பழி சுமத்தினால், அதுவும் குற்றமாகலாம். தண்டனை இரண்டு ஆண்டுகள் வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். உயிரோடு இருப்பவரோ, புத்தகம் வெளிவந்ததிலிருந்து ஆறு ஆண்டுகளுக்குள் சிவில் வழக்குத் தொடுக்கலாம்.

"அப்பா சொன்னார்" என்பது நீதிமன்றத்தில் நிற்காது. ஒருவர் சொன்ன பழியைத் திருப்பிச் சொல்பவரும் அதற்குப் பொறுப்பாளியே. உண்மை என்பது வலுவான எதிர்வாதம். ஆனால் அதை நிரூபிக்கும் சுமை உங்கள் தோளில்தான் இருக்கும். ஆணையத்தில் தாக்கல் செய்யப்பட்ட கணக்கறிக்கைகளையும் கலைப்பு வழக்கின் நீதிமன்றப் பதிவுகளையும் தேடிப் படியுங்கள். கடன் எவ்வளவு, எந்த ஆண்டில் நட்டம் தொடங்கியது என்று அவை காட்டுவதை அப்படியே எழுதுங்கள். பணம் கையாடப்பட்டது என்று ஆவணம் சொல்லவில்லையென்றால், அந்த வரியை நீக்கிவிடுங்கள். அப்பாவின் வேதனையை மறைக்க வேண்டியதில்லை. சம்பளம் தாமதமான மாதங்களையும் வீட்டில் நேர்ந்த நெருக்கடியையும் யாருடைய பெயரையும் சொல்லாமல் எழுதலாம். உங்கள் குடும்பம் நேரில் பட்டதற்கு உங்கள் அம்மாவே சாட்சி.

அப்பாவோடு வேலை செய்தவர்களை விரைவில் சந்தித்து, அவர்கள் பேச்சைப் பதிவு செய்யுங்கள். அவர்களுக்கும் வயதாகிக்கொண்டிருக்கிறது. பதிவைப் புத்தகத்தில் பயன்படுத்தச் சம்மதிப்பதாக ஒரு தாளில் எழுதி, தேதியிட்டு, அன்றே கையெழுத்து வாங்கிக்கொள்ளுங்கள்.